சீவல் வழியே தெரிந்த சொல்

மில்லில் ஆட்குறைப்பு வந்தபோது முதலில் வெளியே வந்தவர், தறிச் சட்டங்களைப் பழுது பார்த்துக்கொண்டிருந்த சாரம் ஊர்த் தச்சர் கன்னியப்பன். இரண்டு வருடம் கழித்து, 1979-இல், லாஸ்பேட்டையில் ஒரு பயிற்சிக்கூடத்திலிருந்து நேர்முகத் தேர்வுக்குக் கடிதம் வந்தது. தச்சுப் பயிற்றுநர் வேலை. அடுத்த மாதம் அவருக்கு வயது வரம்பு தாண்டிவிடும். இதை விட்டால் சர்க்கார் வேலை என்பது அவ்வளவுதான்.

"வாயத் தொறக்காம கைய மட்டும் காட்டிட்டு வாய்யா," என்று அனுப்பிவைத்தாள் மனைவி ஆதிலட்சுமி.

ஆனால் தேர்வு நடத்திய ஜானகிராமன், அச்சில் ஏறாத எதையும் நம்பாதவர். அவர் எதிரே தலையணை கனத்தில் ஓர் ஆங்கில அகராதி விரிந்து கிடந்தது.

"பிளேன்னா என்னய்யா அர்த்தம்?"

"எழைக்கறதுங்க சார். மேடுபள்ளம் இல்லாம பலகைய மட்டமாக்கறது."

"சரி. அந்தச் சொல் எங்கேர்ந்து வந்தது?"

"எனக்கு மேஸ்திரிகிட்டேர்ந்து வந்துது சார். அவருக்கு எங்கேர்ந்துன்னு நான் கேக்கல."

ஜானகிராமன் தாளில் ஒரு சைபர் போட்டார். வேலை கைநழுவுவது கன்னியப்பன் கண்ணெதிரே, நீல மையில், உருண்டையாகத் தெரிந்தது.

அடுத்து செய்முறை. மூன்றடி தேக்குப் பலகை. இழைப்புளியின் அடியில் ஒரு சொட்டு தேங்காயெண்ணெய் தடவினார். மூச்சை அடக்கி ஒரே தள்ளு. சீவல் அறுபடாமல் சுருண்டு எழுந்தது. மில்லில் அவருக்கு ஒரு வழக்கம் உண்டு: முதல் சீவலை வருகைப் பதிவேட்டின் மேல் வைப்பார், அதன் வழியே தன் பெயர் தெரிந்தால்தான் உளி கூர். இங்கே பதிவேடு இல்லை. கை தானாகப் போய்ச் சீவலை அகராதிமேல் பரப்பிவிட்டது.

ஜானகிராமன் அதட்ட வாயெடுத்தவர், குனிந்தார். பொடியெழுத்து ஒவ்வொன்றும் மரத்துக்குள்ளிருந்து தெரிந்தது. அவரை அறியாமலே படித்தார்: "லத்தீன்ல தட்டைன்னு அர்த்தம்... பிரெஞ்சு வழியா இங்கிலீஷுக்கு வந்தது."

"லத்தீன்னா எத்தினி வருசம் சார் ஆவுது?"

"ரெண்டாயிரத்துக்கு மேல."

கன்னியப்பன் பலகையைத் தடவினார். "அப்பவே பலக கோணலாத்தான் வந்துருக்கு. அந்தக் காலத்துத் தச்சனும் இப்பிடித்தான் தடவிப் பாத்துருப்பான்." பிறகு மெல்ல, "பிரெஞ்சு வழியாவா? பிரெஞ்சுக்காரங்க எங்க ஊர ஆண்டுக்கிட்டு இவ்ளோ வருசம் இருந்தாங்க. ஒரு வார்த்த சொல்லலியே சார்," என்றார்.

ஜானகிராமன் சீவலை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, வெகுநேரம் பார்த்தார். பிறகு சைபரை அடிக்காமலே அதன் கீழ் எழுதினார்: 'கேட்ட கேள்விக்கு விடை தெரியாதவர். உடனே நியமிக்கவும்.'

சீவலை மட்டும் அவர் திருப்பித் தரவில்லை.