டேப் மேடம் அளந்த வீடு

டேப்பின் ஒரு நுனியை வழக்குப் போட்டவர் கையில் கொடுப்பார், மறு நுனியை எதிராளி கையில். "இழுத்துப் பிடிங்க. தொய்வு விட்டா உங்களுக்குத்தான் நஷ்டம்." வருஷக்கணக்காக முகம் கொடுத்துப் பேசாத இரண்டு பேர் வேறு வழியில்லாமல் ஒருவரை ஒருவர் பார்த்தபடி நிற்பார்கள். அதற்கப்புறம்தான் காதில் செருகிய பென்சிலை எடுப்பார்.

வக்கீல்தான். ஆனால் அவர் வாதாடிப் பார்த்தவர்கள் குறைவு. வீட்டை விற்கிறேன் என்று ஒப்பந்தம் போட்டவரும் வாங்குகிறேன் என்று போட்டவரும் நீதிமன்றத்தில் மல்லுக்கு நிற்கும்போது, இடத்தை நேரில் பார்த்து எழுதிவர நீதிபதி ஒரு வக்கீலை ஆணையராக அனுப்புவார். இருபத்திரண்டு வருஷமாக அப்படிப் போய்வருகிறவர் இவர். டேப் மேடம் என்பது குமாஸ்தாக்கள் வைத்த பேர். அவருக்கும் தெரியும், கண்டுகொள்வதில்லை.

யார் என்ன சொன்னாலும் எழுதமாட்டார். "என் காதுக்கு இங்க வேலை இல்ல. கண்ணுல பட்டாத்தான் பேப்பர்ல வரும்" என்று வாயை அடைத்துவிடுவார். வீட்டிலும் இதே கதைதான். மழை பெய்கிறதா என்று கணவர் உள்ளேயிருந்து கேட்டால், "கொடியில துணி நனைஞ்சிருக்கு" என்று பதில் வரும். "மழைன்னு சொன்னா வாய் சுட்டுடுமா?" என்று மனிதர் தலையில் அடித்துக்கொள்வார்.

போன மாதம் ஒரு தையல்காரரின் வீட்டுக்குப் போனார். ஒப்பந்தம் போட்ட அன்றே வீட்டைக் காலி செய்து தன்னிடம் கொடுத்துவிட்டார்கள், இப்போதுதான் பூட்டை உடைத்துப் புகுந்துகொண்டு குடியிருப்பதாக நடிக்கிறார்கள் என்று வாங்க வந்தவர் வழக்குப் போட்டிருந்தார். ஒரு நாள்கூட வெளியே போகவில்லை என்பது தையல்காரரின் கட்சி. அவருடைய வக்கீல் வேறு வழக்கில் மாட்டிக்கொண்டு வரவில்லை. வாங்க வந்தவரின் வக்கீல் முதல் ஆளாக வந்து நின்றிருந்தார்.

இரண்டு அறை, ஒரு சமையலறை. தரை கழுவிவிட்ட ஈரம். கட்டில் இல்லை, பாத்திரம் இல்லை, தையல் மெஷின் இல்லை. ஒரு பாய்கூட இல்லை.

"சாமானெல்லாம் எங்கம்மா?" டேப் மேடத்துக்கே தாங்கவில்லை, கேட்டுவிட்டார்.

"பக்கத்து வீட்டுல போட்டு வெச்சிருக்கோம்மா" என்றாள் தையல்காரரின் மனைவி. சொல்லும்போது முகத்தில் அப்படி ஒரு பெருமை. "நீங்க அளக்க வர்றீங்கன்னு நேத்தே ஒண்ணு விடாம தூக்கிட்டோம். தரையைக்கூட ரெண்டு தடவை கழுவினேன்."

தையல்காரர் சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து நீட்டினார். ஆணையர் அனுப்பிய நோட்டீஸ். 'அளவெடுக்க இடையூறின்றி இடத்தை வைத்திருக்க வேண்டும்.' கீழே டேப் மேடத்தின் கையெழுத்து. "நீங்கதானேம்மா எழுதியிருந்தீங்க?"

பூட்டிய கேட்டையும் அவிழ்த்துவிட்ட நாயையும் நினைத்து எழுதிய வரி. எல்லா நோட்டீஸிலும் அதே வரிதான் போகும். அதைச் சட்டமாக எடுத்துக்கொண்டு இப்படித் துடைத்து வைப்பார்கள் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

"ரெண்டு ரூமும் காலின்னு குறிச்சுக்கோங்க மேடம்" என்றார் அந்த வக்கீல், ரொம்ப மரியாதையாக.

"பக்கத்து வீட்டை ஒரு எட்டு பார்த்துட்டு வந்துடறேன்."

"உத்தரவுல பக்கத்து வீடு இல்லையே மேடம். அங்க இருக்கறது இவங்க சாமான்னு இவங்கதானே சொல்றாங்க? வாயால சொல்றதை எழுதற பழக்கம் உங்களுக்குக் கிடையாதே."

அவருடைய பேச்சாலேயே அவரை மடக்கிவிட்டார் மனிதர். டேப் மேடம் தரையில் மண்டியிட்டார். மூலையில் கட்டில் கால் பதிந்த நான்கு தடங்கள் இருந்தன. குறித்துக்கொண்டார். சமையலறைச் சுவரில் கரி. அதையும் குறித்தார். "எத்தனை வருஷத்துக் கரியோ?" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. கரியில் தேதி இல்லை.

சுவரில் அட்டையை வைத்து, நின்றபடியே எழுதி முடித்தார். 'இரண்டு அறைகளும் சமையலறையும் காலியாக உள்ளன. பாத்திரம், துணி, படுக்கை எதுவும் காணப்படவில்லை.' ஒரு சொல்கூடப் பொய்யில்லை. அநியாயம் அதுதான். உரக்கப் படித்துக் காட்டினார். தையல்காரருக்கு அப்போதுதான் விஷயம் புரிந்திருக்க வேண்டும். பேனாவை வாங்கியவர் வெகுநேரம் கையெழுத்துப் போடாமல் நின்றார். அப்புறம் போட்டார்.

"வீடு எங்களுக்கு நிக்குமாம்மா?" என்று கேட்டாள் மனைவி.

"ஜட்ஜ்தான்மா சொல்லணும்."

அவள் பக்கத்து வீட்டுக்கு ஓடினாள். அங்கிருந்து ஒரு நாற்காலியைத் தூக்கிவந்து, கையாலேயே துடைத்துப் போட்டாள். "எவ்வளவு நேரம் நின்னுட்டே எழுதினீங்க! இப்பவாவது உக்காருங்கம்மா."

டேப் மேடம் உட்காரவில்லை. நாற்காலியின் முதுகை இரண்டு கையாலும் இறுகப் பிடித்துக்கொண்டு, கண்களை மூடிக்கொண்டார்.