புத்தகங்களுக்கு ஒரு குழி

ஜெர்மனியின் டோர்ட்மண்டில் யூதர்களின் கல்லறைத் தோட்டம். ஒரு முதியவர் பெட்டியிலிருந்து ஜெப நூல்களை எடுத்துக் குழியில் இறக்குகிறார். எங்கள் வீட்டில் முதலில் படித்தவள் நான். புத்தகத்தைப் புதைப்பவரை எப்படி நம்புவது?

“கடவுளின்ர பேர் இருக்கிற புத்தகம் பழுதானா எறிய ஏலாது, தங்கச்சி. இப்பிடித்தான் புதைப்பினம்,” என்கிறார் அங்கே தோட்ட வேலை பார்க்கும் யாழ்ப்பாணத்துக்காரர்.

படிக்கக்கூடியது எதுவும் மண்ணுக்குள் போய்விடக் கூடாதே. பெட்டியிலிருந்து ஒன்றை எடுத்துப் பிரிக்கிறேன். “இதுவா பழுது? முதல் பக்கமே புதுசா இருக்கே, அண்ணா.”

“அது கடைசிப் பக்கம். எபிரேயம் வலமிருந்து இடமாத்தான் வாசிக்கிறது. வலப்பக்கத்தால திறந்து பாருங்கோ.”

திறக்கிறேன். பாதிப் புத்தகம் ஈரத்தில் ஒட்டி, எழுத்தே கரைந்திருக்கிறது. முதியவர் அதை வாங்கி முத்தமிட்டுக் குழியில் வைக்கிறார்.

பெட்டியில் இன்னும் இருக்கின்றன. அடுத்ததை நானே எடுத்து, வலப்பக்கத்திலிருந்து பிரிக்கிறேன்.