தெரு தூங்கும் நேரம்

புதுச்சேரியில் மத்தியானம் ஒரு மணி ஆனால் கடைக்காரர் ஷட்டரை இழுத்து விட்டுவிட்டு வீட்டுக்குப் போய்விடுவார். நாலு மணிக்கு மேல்தான் திரும்பி வருவார். வெளியூர்க்காரர்கள் வெயிலில் நின்று, "என்னய்யா ஊரு இது, பட்டப்பகல்ல ஊரடங்கு மாதிரி!" என்று சலித்துக்கொள்வார்கள். சலித்துக்கொள்ளட்டுமே. அவர்களைக் கேட்டுக்கொண்டா நாம் தூங்க முடியும்?

நிர்மலா அந்த மூன்று மணி நேரத்தை நம்பித்தான் உயிர் வாழ்ந்தாள். கோரிமேட்டுப் பக்கம் ஓர் ஆஸ்பத்திரியில், குழந்தைகள் வார்டில் அவளுக்கு நிரந்தரமாக ராத்திரி டியூட்டி. ஒப்பந்த நர்ஸ். கணவர் இல்லை, மகள் பூவிழி காலாப்பட்டு ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிறாள். காலையில் வீடு திரும்பினாலும் அந்தச் சின்னத் தெருவில் கண்ணை மூட முடியாது. தண்ணி மோட்டார் ஓடும், மீன்காரம்மா கூவுவாள், ஸ்கூல் ஆட்டோ ஹாரன் அடிக்கும். எல்லாவற்றுக்கும் மேலே, எதிர்வீட்டு அக்பர் அலி பாயின் பீரோ பட்டறையில் தகரத்தைத் தட்டுவார்கள். ஒரு மணிக்கு எல்லாம் ஒரேயடியாக அடங்கும்.

அந்தத் தூக்கத்தின் சுகத்தைச் சொல்லி மாளாது. ஜன்னல் பலகை இடுக்கு வழியாக வெயில் கோடு கோடாகத் தரையில் விழும். கடல்காற்று நாலைந்து தெரு தாண்டி வந்து உப்பு வாசனையோடு அவள் பாதத்தைத் தொடும். கண் மூடினால் வார்டும் வீடும் ஒன்றோடொன்று கலந்துவிடும். கட்டில்களுக்கு நடுவே முழங்கால் அளவு தண்ணீர் ஓடும். குழந்தைகள் காலைத் தொங்கப்போட்டுக் காகிதக் கப்பல் விடுவார்கள். ஊசி கிடையாது, அழுகை கிடையாது. காய்ச்சலில் கிடந்த பிள்ளை அவள் கையைப் பிடித்து, "சிஸ்டர், கடல் எந்தப் பக்கம்?" என்று கேட்கும். அவள் பதில் சொல்வதற்குள் நாலு மணி ஆகிவிடும்.

தெரு எதற்காக ஒரு மணிக்கு அடங்குகிறது என்று யாரும் யாரையும் கேட்டதில்லை. கேட்கவேண்டிய அவசியம் இளஞ்செழியன் வந்த பிறகுதான் வந்தது.

இளஞ்செழியன் தவளக்குப்பத்துக்கு அந்தப் பக்கம் விவசாயக் குடும்பத்துப் பிள்ளை. நல்ல பையன், குறை சொல்ல முடியாது. தெருக்கோடியில் காலியாகக் கிடந்த கடையைப் பிடித்து மாவு மில் போட்டான். பொம்பளைகள் வீட்டு வேலை முடித்து டின்னைத் தூக்கிக்கொண்டு வருவதே மத்தியானத்தில்தான். அப்போது மற்ற மில்லெல்லாம் மூடியிருக்கும். அவன் திறந்து வைத்தான். கூட்டம் அள்ளியது.

நிர்மலாவின் கனவுக்குள்ளேயும் மில் ஓட ஆரம்பித்தது. தண்ணீர் வற்றிப்போய்த் தரை அதிர்ந்தது. காகிதக் கப்பல்கள் மாவாகிப் பறந்தன. திடுக்கிட்டு எழுந்தால் மணி ஒன்றே முக்கால். பஞ்சை வைத்துக் காதை அடைத்துப் பார்த்தாள், சமையல்கட்டில் போய்ப் படுத்துப் பார்த்தாள். ஒன்றும் பலிக்கவில்லை.

பத்து நாளில் வார்டில் உட்கார்ந்தபடியே கண்ணயர்ந்துவிட்டாள். ஒரு குழந்தையின் டிரிப் தீர்ந்து போயிருந்தது. பக்கத்துக் கட்டில் தாய்தான் பார்த்துவிட்டு ஓடிவந்து எழுப்பினாள். பிள்ளைக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் நிர்மலா விடியும்வரை உட்காரவே இல்லை, கட்டில் கட்டிலாக டிரிப்பைப் பார்த்துக்கொண்டே நடந்தாள். தலைமை சிஸ்டர் அவளைத் தனியாகக் கூப்பிட்டார். "இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா நான் ஒண்ணும் பண்ண முடியாது நிர்மலா. வேற ஆளப் போட்டுடுவாங்க." வேலை போனால் மகள் படிப்பு என்ன ஆவது என்ற பயம் ஒரு பக்கம். அதைவிட, ஏதாவது ஒரு குழந்தைக்குத் தன்னால் ஏதாவது ஆகிவிட்டால் என்ற பயம் பெரிதாக இருந்தது.

மில்லுக்குப் போய்க் கேட்டாள். "அக்கா, நீங்க சொல்றது புரியுது," என்றான் இளஞ்செழியன். "ஆனா மத்தவங்க மூடுற நேரத்துலதான் எனக்கு வியாபாரமே. நான் என்ன பண்ணட்டும், சொல்லுங்க?" அவள் திரும்பி வந்துவிட்டாள். அவன் சொன்னதிலும் தப்பில்லையே.

விஷயம் தெருவுக்குத் தெரிந்தது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பாய் பட்டறை வாசலில் கூடினார்கள். அக்பர் அலி பாய். மூடிப்போன பஞ்சாலையில் ஒரு காலத்தில் தொழிற்சங்கத் தலைவராக இருந்த நெடுமாறன். மூலை அம்மன் கோவிலுக்கு விளக்கேற்றும் தையல்நாயகி. நிர்மலா வீட்டுக்குக் கீழே குடியிருக்கும் மதாம் எலேன். மதாமின் புருஷன் பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்தவர், காலமாகிவிட்டார். இன்றும் அது 'சொல்தா வீடு'தான். ஓரமாக நிர்மலா.

இந்த நாலு பேரும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போய் யாரும் பார்த்ததில்லை. அன்றைக்குப் பாருங்கள், டீ ஆறுவதற்குள் ஒத்துப்போய்விட்டார்கள்! ஒன்றிலிருந்து நாலு வரை தெருவில் யாரும் சத்தம் போடக்கூடாது, அவ்வளவுதான். நிர்மலாவுக்குக் கண் கலங்கிவிட்டது. அத்தோடு எழுந்து போயிருந்தால் தெரு பிழைத்திருக்கும். நெடுமாறன் விட்டால்தானே?

"வாயால பேசிட்டுப் போனா காத்துல போயிடும். போர்டு வைப்போம்," என்றார். "'உழைப்பாளர் ஓய்வு நேரம்'னு கொட்டை எழுத்துல எழுதணும்."

"இது என்ன கூத்து!" என்றாள் தையல்நாயகி. "அம்மன் நடை சாத்துற நேரம், அதனாலதான் தெருவுல சத்தம் கிடையாது. அதை எழுதுங்க."

"சாமி பேரை என் கையால எழுத மாட்டேன்," என்றார் நெடுமாறன்.

பாய் தாடியைத் தடவிக்கொண்டார். "மத்தியான லுஹர் தொழுதுட்டுக் கொஞ்சம் சாயறது எங்களுக்கு நபிவழி. அதையும் ஒரு ஓரமா எழுதினா நல்லா இருக்கும்."

"மொந்தியே, கடவுளே!" என்று மதாம் எலேன் நெஞ்சில் கை வைத்தார். "இந்த ஊருக்கு மத்தியானத் தூக்கத்தைக் கத்துக்குடுத்ததே பிரான்சுக்காரன். சியெஸ்த்! அவன் வச்ச ஒழுங்கு."

"வெள்ளைக்காரன் வந்துதான் நமக்குத் தூங்கக் கத்துக்குடுத்தானா?" என்று நெடுமாறன் எகிறினார். அவ்வளவுதான், கெட்டது குடி. பழைய குழாய்ச் சண்டை, ஒலிபெருக்கிச் சண்டை, யாரோ யார் வாசலிலோ கொட்டிய குப்பை எல்லாம் வெளியே வந்தது. ஆளாளுக்கு முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள்.

மறுநாளிலிருந்து ஆரம்பித்தது வீம்பு. அம்மன் தூங்குவதற்காகத் தான் வாய் மூடுவதில்லை என்று காட்ட, நெடுமாறன் இரண்டு மணிக்குக் கட்சிப் பாட்டைப் போட்டார். அதற்குப் பதிலாகக் கோவில் ஒலிபெருக்கியில் அம்மன் பாட்டு. பிரெஞ்சுக்காரன் வைத்த நேரத்தில் ஓய்வெடுக்கத் தனக்கு என்ன தலையெழுத்தா என்று பாய் சுத்தியலை எடுத்தார். மதாம் மட்டும் சும்மா இருப்பாரா, தூசி தட்டிக்கொண்டு வந்தது ஒரு கிராமபோன். நடுவில் மில் அது பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

அந்தக் கூச்சலில் நிர்மலா கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். தனக்காகக் கூடியவர்கள்தானே இத்தனை பேரும்? விழித்திருக்கிறோமா தூங்குகிறோமா என்றே அவளுக்குப் பிரித்துத் தெரியவில்லை. சுவர்கள் மெல்ல மூச்சு விடுவதுபோல் தோன்றியது. மாத்திரை அட்டையில் எழுத்து இரட்டையாகத் தெரிந்தது. அன்றைக்கு ராத்திரி டியூட்டிக்குப் போக அவளுக்கே பயமாக இருந்தது.

என்னவோ தோன்றி, கோதுமை டின்னை எடுத்துக்கொண்டு மில்லுக்குப் போனாள். சண்டை போடத்தான் போனாளா, கெஞ்சத்தான் போனாளா என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. உள்ளே வரிசை. பெஞ்சில் உட்கார்ந்தாள். மாவு வெயிலில் பனி மாதிரி மிதந்தது. பெல்ட் சுற்றிக்கொண்டே இருந்தது. கண் அதையே பார்த்துக்கொண்டிருந்தது. அப்படியே மூட்டையில் சாய்ந்து தூங்கிப்போனாள்.

இளஞ்செழியன் திரும்பிப் பார்த்தான். மெஷினை நிறுத்தினான்.

"என்ன தம்பி, கரண்ட் போச்சா?" என்று ஒருத்தி கேட்டாள்.

"இல்லக்கா. அவங்க தூங்குறாங்க. ராத்திரி பூரா புள்ளைங்களைப் பாத்துக்கிற நர்ஸு."

"அய்யோ பாவம், தூங்கட்டும். டின்னை வச்சுட்டுப் போறேன், நாலு மணிக்கு மேல வந்து வாங்கிக்கிறேன்." பின்னால் நின்றவர்களும் டின்னை இறக்கி வைத்துவிட்டுப் போனார்கள்.

மில் ஏன் நின்றது என்று பார்க்கப் பாய் வந்தார். தலையெல்லாம் மாவோடு, வாய் லேசாகத் திறந்து, குழந்தை மாதிரி தூங்குகிற நிர்மலாவைப் பார்த்தார். திரும்பிப் போனார். பட்டறையில் சுத்தியல் நின்றது. அப்புறம் நெடுமாறன் எட்டிப் பார்த்தார், பாட்டு நின்றது. தையல்நாயகி ஒலிபெருக்கியை அணைத்தாள். கடைசியாகக் கிராமபோன் அடங்கியது. நிர்மலாவின் கனவில் தண்ணீர் திரும்பி வந்திருந்தது.

எழுந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. கடைக்குள் டின்கள் வரிசையாக இருந்தன, ஆள் யாருமில்லை. அவளுக்கு வெட்கமாகப் போயிற்று. "தம்பி, என்னால உன் வியாபாரம் கெட்டுப்போச்சே."

"ஒருத்தரும் திரும்பிப் போகலக்கா, எல்லாரும் டின்னை வச்சுட்டுத்தான் போயிருக்காங்க. கடையைத் திறந்து வச்சா போதும், மெஷினை நாலு மணிக்கு ஓட்டிக்கலாம் போல." ஒரு டின்னை ஓரமாக நகர்த்தி வைத்தான். பிறகு சொன்னான்: "அன்னைக்குத் தெருவே கூடிப் பேசுனீங்க. என்னை ஒருத்தரும் கூப்பிடல. நானும் இந்தத் தெருதானேக்கா?"

நிர்மலாவுக்குச் சுருக்கென்றது. அவன் வாயை மூடத்தான் அத்தனை பேரும் கூடினார்கள். அவனுக்கும் ஒரு வாய் இருக்கிறது என்பது ஒருவருக்கும் உறைக்கவில்லை. தனக்கும்தான். தலையிலிருந்த மாவைக்கூடத் தட்டாமல் நேரே போய் ஒவ்வொரு கதவாகத் தட்டினாள்.

இந்தத் தடவை மில் வாசலிலேயே கூடினார்கள். இளஞ்செழியன்தான் பேசினான். பொங்கல் சமயத்திலும் நோன்புக் கஞ்சி நேரத்திலும் மத்தியானமும் ஓட்டியாக வேண்டும் என்றான்; ஆகட்டும் என்றார்கள். அப்போதெல்லாம் மகளின் ஹாஸ்டல் அறைக்குப் போய்ப் படுத்துக்கொள்கிறேன் என்றாள் நிர்மலா. போர்டு பேச்சு வந்தது. நெடுமாறன் தொண்டையைக் கனைத்தார். தையல்நாயகி இடுப்பில் கை வைத்தாள்.

"எதுக்குன்னு எழுதாதீங்க அண்ணே," என்றான் இளஞ்செழியன். "அது அவங்கவங்க மனசுல இருக்கட்டும். எத்தனை மணியிலேருந்து எத்தனை மணி வரைக்கும்னு மட்டும் எழுதுங்க."

காரணம் இல்லாத போர்டு ஒரு போர்டா என்று நெடுமாறன் முனகினார். மதாமுக்கும் திருப்தியில்லை. ஒருவருக்கும் முழுத் திருப்தியில்லை, அதுதான் உண்மை. பாய் ஒரு தகரத்தை வெட்டி, பீரோவுக்கு அடிக்கும் சாம்பல் பெயிண்டை அடித்து, '1 – 4' என்று எழுதித் தெருமுனையில் மாட்டினார். அதைப் பார்க்கிற வெளியூர்க்காரர்கள் பஸ் நம்பரா என்று குழம்புகிறார்கள்.

நிர்மலா மறுபடி தூங்கினாள். வார்டில் அவள் கண் சொருகவில்லை. மாதங்கள் போயின.

போன வாரம் அவளுக்கு ஒரு நாள் லீவு. ராத்திரி நன்றாகத் தூங்கியிருந்ததால் மத்தியானம் தூக்கம் வரவில்லை. இரண்டு மணிக்கு வெறுங்காலோடு மெல்ல இறங்கினாள். இந்த நேரத்துத் தெருவை அவள் கண் திறந்து பார்த்ததே கிடையாது. வெயில் சுவர்களில் பாலாக வழிந்துகொண்டிருந்தது. காகம்கூடக் கத்தவில்லை.

பட்டறைக்குள் பாய் முழிப்பாக உட்கார்ந்து, சத்தம் வராமல் ஆணிகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கிக்கொண்டிருந்தார். நெடுமாறன் பேப்பரின் அடுத்த பக்கத்தைச் சரசரக்காமல் திருப்பப் படாதபாடு பட்டுக்கொண்டிருந்தார். தையல்நாயகி பூ கட்டிக்கொண்டிருந்தாள். மில்லில் இளஞ்செழியன் டின்களைத் தரையில் இழுக்காமல் தூக்கித் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான். ஒருவர் கண்ணிலும் பொட்டுத் தூக்கம் இல்லை. நபிவழி, நடை சாத்தல், உழைப்பாளர் ஓய்வு, சியெஸ்த் என்று அவ்வளவு சண்டை போட்டார்களே, இதில் எவர் தூங்குகிறார்?

திகைத்துப்போய்ப் படியேறத் திரும்பினாள். கீழ்வீட்டுக் கதவருகே நாற்காலியில் மதாம் எலேன். அவருக்குக் கண்ணில் புரை; வெயிலுக்கு எதிரே நிற்கிற ஆள் யாரென்று தெரியாது. காலடியை மட்டும் கேட்டுவிட்டு விரலை உதட்டில் வைத்தார்.

"உஷ்... மெதுவா போ. மேல நிர்மலா தூங்குது."

"சரிங்க மதாம்," என்று நிர்மலா குரலை மாற்றிக் குசுகுசுத்துவிட்டு, ஒரு படியும் கிறீச்சிடாமல் ஏறிப் போய்க் கட்டிலில் படுத்தாள். தூக்கம் வரவில்லை. ஆனாலும் நாலு மணி அடிக்கும்வரை அசையாமல் கிடந்தாள். அத்தனை பேர் காவல் இருக்கும்போது எழுந்து நடமாடினால் நன்றாகவா இருக்கும்?