மரண அறிவித்தலில் என் தோள்

பெரிய கிராணியின் மரண அறிவித்தல் வந்த பத்திரிகைத் துண்டை இன்னும் வைத்திருக்கிறேன். அதை எனக்குப் படித்துக் காட்டியவர் அவரேதான்.

எழுபதுகளின் கடைசி. ரிங்லெட் என்ற மலையூருக்கு மேலிருந்த தேயிலைத் தோட்டத்து ஆபீசில் அவர் தலைமைக் கணக்கர், அதாவது பெரிய கிராணி. நான் அடுத்த மேசை. ஒரு தமிழ்ப் பத்திரிகைக்குச் செய்தியும் எழுதுவார். களைக்கொல்லி அடித்த மலையிலிருந்து இறங்கும் ஓடைதான் எங்கள் லயத்து வீடுகளுக்குக் குடிநீர். அந்த மழைக்காலத்தில் இரண்டு கைக்குழந்தைகள் இறந்தன. அதை எழுதினார். பத்திரிகையும் துணிந்து போட்டது. மீதி அடுத்த வாரம் என்றது.

மீதிக்கு முன்னால் வந்தது அந்த அறிவித்தல். பனி ஆபீஸ் வாசல்வரை வந்து நின்ற காலை. தாப்பாவிலிருந்து பஸ்ஸில் வந்த பத்திரிகையை விரித்துத் தம் பெயரையும் வயதையும் நிதானமாகப் படித்தார். "நாலு மணிக்கு எடுக்கறாங்களாம்," என்றார். சொன்னபடி நாலு மணிக்கு கோலா தெர்லாவிலிருந்து மூன்று பேர் மாலையோடு அவர் வீட்டுக்கு வந்தார்கள். கதவைத் திறந்தவர் அவர். மாலையை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றார்கள். டீ கொடுத்தார். யாரும் குடிக்கவில்லை.

அறிவித்தலைக் கொடுத்தவர் யாரென்று தெரியாது என்றது பத்திரிகை. அதோடு வந்த படம் எங்கிருந்து போனதென்று எனக்குத் தெரிந்தது. அவர் முகத்தை ஒட்டி, ஓரத்தில், என் தோள் இருந்தது. ஆபீஸ் சுவரிலிருந்த குரூப் படத்தை நிமிர்ந்து பார்த்தேன். கண்ணாடிக்குப் பின்னால் நாங்கள் நின்ற இடத்தில் ஓட்டை. எத்தனை நாளாக அப்படி இருந்ததோ, தினமும் அதன் கீழேதான் உட்கார்ந்திருந்தோம்.

"படம்தான் செத்துச்சு, கை இருக்கு லா," என்று மீதியை எழுதி உறையிலிட்டு ஒட்டி என்னிடம் தந்தார். "நான் போட்டா வழியிலேயே நின்னுடும். நீ ரிங்லெட்ல போட்டுடு தம்பி."

தபால்பெட்டி வரை போனேன். போடவில்லை. பயம்தான், வேறு காரணம் சொன்னால் பொய். தினமும் பஸ் வந்ததும் அவர் கடைசிப் பக்கம்வரை புரட்டுவார். "லைசென்ஸ் போயிடும்னு பயந்துட்டாங்க லா, பாவம்," என்று பத்திரிகைக்காரர்களுக்காக இரக்கப்பட்டார். பிறகு அவர் எழுதவேயில்லை. லயத்துப் பெண்கள் அதே ஓடையில் குடம் நிரப்பினார்கள்.

பத்திரிகைச் சுதந்திரம் பற்றிப் பேச்சு வந்தால் எல்லோரும் சட்டத்தையும் அரசாங்கத்தையும் திட்டுகிறார்கள். நானும் தலையாட்டுகிறேன்.

சென்ற ஆண்டு அவர் நிஜமாகவே இறந்தார். அறிவித்தல் கொடுக்கலாமா என்று அவர் மனைவியிடம் கேட்டேன். "ஒரு தடவ போட்டதே போதும் தம்பி," என்றார். வீட்டுக்கு வந்து அந்தத் துண்டை எடுத்துப் பார்த்தேன். ஓரத்தில் என் தோள். அதற்கு அடியில், தபால்தலை ஒட்டிய அவருடைய கடிதம், இன்னும் பிரிக்காமல்.