மூன்று டம்ளர் காபி

காலை ஆறு நாற்பது. குக்கரில் இரண்டாவது விசில் வந்தபோது வாசல் கேட் திறக்கும் சத்தம் கேட்டது. பால்காரர் என்றுதான் நினைத்தேன். மூன்று பேர் செருப்போடு கூடத்துக்குள் வந்து சோபாவில் உட்கார்ந்தார்கள்.

ஒருவரை எனக்குத் தெரியும். பட்டு நூலும் ஜரிகையும் வாங்க என் கணவர் வாலாஜாபாத்தில் ஒருவரிடம் கடன் வாங்கியிருந்தார். மாதாமாதம் வட்டி வசூலிக்க வருகிறவர் இவர். கடனை அடைத்துவிட்டோம் என்றோம் நாங்கள். பாதிதான் வந்தது என்றார்கள் அவர்கள். என் கணவர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த வெற்றுப் பத்திரம் அவர்களிடம் இருந்தது. வழக்கு எங்கள் ஊர் சிவில் கோர்ட்டில் நடந்துகொண்டிருந்தது.

கணவர் தறிக்காரர்களைப் பார்க்க ஐயம்பேட்டைக்குப் போயிருந்தார். வீட்டில் நானும் மகளும்தான்.

"அவரு இல்லீங்களே," என்றேன்.

"பரவால்லக்கா. உக்காந்துக்கினு இருக்கோம். எங்களுக்கு இன்னா வேலை?" என்றார் தெரிந்தவர்.

அடுத்து நான் செய்ததை இன்றும் நினைத்தால் உடம்பு கூசுகிறது. உள்ளே போய் மூன்று டம்ளர் காபி போட்டேன். வீட்டுக்குள் வந்து உட்கார்ந்தவர்கள் முன்னால் வெறுங்கையோடு நிற்க எனக்குத் தெரியவில்லை. ஒவ்வொன்றாக நீட்டினேன். ஒருவன் ஃபோனைத் தூக்கிப் பிடித்திருந்தான்.

"சக்கரை கம்மிக்கா. அதுக்கும் கடன் வாங்கணுமா?" என்றான். மூவரும் சிரித்தார்கள்.

கிளம்பும்போது தெரிந்தவர் மகளின் அறைப் பக்கம் பார்த்தார். "பாப்பா ஏழு பத்து பஸ்லதானே காலேஜுக்குப் போவுது? தெனம் பாக்குறோம்."

அன்றிலிருந்து அவளை நான் அனுப்பவில்லை. மூன்று வாரத்தில் கடைசி வருடப் பரீட்சை. ஐந்து தாள், தொடர்ந்து ஐந்து நாள்.

கணவர் வந்ததும் புகார் கொடுக்கப் போனோம். காவல் நிலையத்தில் இன்ஸ்பெக்டர் தன் ஃபோனைத் திருப்பிக் காட்டினார். எங்களுக்கு முன்பே அவர்கள் எடுத்த வீடியோ அங்கே போயிருந்தது. அதில் நான் டம்ளரை நீட்டிக்கொண்டிருந்தேன். பயத்தில் இழுத்துக்கொண்ட வாய், சிரிப்பதுபோல் இருந்தது.

"மிரட்ட வந்தவனுக்கு யாராவது காபி போட்டுத் தருவாங்களாம்மா? சொந்தக்காரங்க வந்த மாதிரி இருக்குது. பணத் தகராறு, கோர்ட்டுல பாத்துக்குங்க."

வீட்டுக்கு வந்ததும் கணவர், "உன்ன யாரு காபி போடச் சொன்னது?" என்றார்.

"உங்கள யாரு வெத்துப் பத்திரத்துல கையெழுத்துப் போடச் சொன்னது?"

எழுந்துபோய்க் கதவைத் தாழிட்டேன். பட்டப்பகல்.

போலீஸ் பாதுகாப்பு கேட்டுச் சென்னை உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டோம். வக்கீல் ஒரு பெண்மணி. காபி விஷயத்தை விட்டுவிடலாமா என்று கேட்டேன்.

"எழுதணும்மா. அவங்க சொல்றதுக்கு முன்னாடி நாம சொல்லிடணும்," என்றார். "என்ன செய்யறதுன்னு தெரியாம போட்டேன்னு நீங்க சொன்னீங்கல்ல, அதையே அப்படியே எழுதறேன்."

விசாரணை அன்று நான்கு மணி நேரம் காத்திருந்தேன். எங்கள் மனு இரண்டு நிமிடத்தில் முடிந்தது. இது வெறும் பணத் தகராறு என்றார் அரசு வக்கீல். பணத்தை சிவில் கோர்ட் பார்த்துக்கொள்ளட்டும், அந்தப் பெண் பரீட்சைக்குப் போய்வரப் பாதுகாப்புக் கொடுங்கள் என்றார் நீதிபதி. உத்தரவு நகல் கைக்கு வந்தது பரீட்சைக்கு முந்தைய நாள்தான். நிலையத்தில் கொண்டுபோய்க் கொடுத்தோம். முத்திரை குத்தி வாங்கிக்கொண்டு, "பாக்கறோம்," என்றார்கள்.

மறுநாள் ஆறரைக்கே மகள் ஹால் டிக்கெட்டோடு உட்கார்ந்திருந்தாள். ஏழு ஆகப் போயிற்று. யாரும் வரவில்லை. தெருவில் ஒரு பைக் மெதுவாக இரண்டு முறை போனது.

"இந்தத் தடவை வேணாம்மா. அரியர் எழுதிக்கலாம்," என்றேன்.

"அடுத்த வருஷம் மட்டும் அவங்க வரமாட்டாங்களா?" என்றாள்.

கேட் முன்னால் வண்டி வந்து நிற்கும் சத்தம். தாழ்ப்பாளை அழுத்திப் பிடித்தபடி ஜன்னல் வழியாகப் பார்த்தேன். ஸ்கூட்டியிலிருந்து ஒரு பெண் காவலர், தனியாக, ஹெல்மெட்டைக் கழற்றிக்கொண்டிருந்தார். கதவைத் திறந்ததும் உள்ளே வராமலேயே சொன்னார்:

"கோர்ட் ஆர்டர் வீடு இதானேம்மா? பாப்பாவ வரச் சொல்லுங்க, நானும் பஸ்ல கூடப் போறேன். ஆனா இன்னிக்கும் நாளைக்கும்தாம்மா. நாளன்னிக்கு கருட சேவை, எங்க எல்லாரையும் கோயில் பந்தோபஸ்துக்குப் போட்டுட்டாங்க."