தலைவர் கீழே வைத்த சிரட்டை

வசீதியின் மகள் டைபாய்டில் செத்தாள். அடக்கம் முடிந்த ஞாயிறு, ஊர்த்தலைவர் அலிபெரேதி தேவாலயப் படியில் நின்று, ஓய்வுநாளில் தூண்டில் போட்ட தாய்க்குக் கடவுள் கொடுத்த கூலி இது என்றார். ஊரும் ஆமாம் போட்டது. பிள்ளையைப் பறிகொடுத்தவள் தலையில் பாவத்தையும் ஏற்றிவைத்த அந்த வாயை வசீதி மறக்கவில்லை. எதற்கு மறக்க வேண்டும்?

பக்கத்து நகரமான லம்பாசாவில் கிராமத்துப் பெண்களுக்குத் தண்ணீர்ச் சோதனை சொல்லித் தருகிறார்கள் என்று தெரிந்ததும் முதல் ஆளாகப் பேர் கொடுத்தாள். மற்றவர்கள் ஊருக்காகப் படித்தார்கள். இவள் அலிபெரேதிக்காகப் படித்தாள். ஓடையில் ஊர்க்குழாய் தொடங்கும் இடத்துக்கு மேலேதான் அவர் வீட்டுக் கக்கூஸ் இருந்தது. எல்லோருக்கும் தெரியும், யாரும் வாயைத் திறந்ததில்லை.

ஊர் திரும்பியவள் சோதனையைத் தன் கையால் செய்யவில்லை. செய்தால் சூனியம் என்பார்கள். மருந்துக் காகிதம் போட்ட இரண்டு போத்தல்களை அலிபெரேதியிடமே கொடுத்தாள். ஒன்றில் மழைத்தொட்டித் தண்ணீர், மற்றதில் குழாய்த் தண்ணீர் பிடித்து அவர் வீட்டு ஜன்னலிலேயே வைக்கட்டும், மலம் கலந்த தண்ணீர் கறுக்கும் என்றாள். பொம்பளைகள் விளையாட்டு என்று சிரித்துக்கொண்டே அவரும் செய்தார். சில நாளில் குழாய்ப் போத்தல் மட்டும் கரியாகக் கறுத்தது. போகிறவர் வருகிறவர் எல்லோரும் ஜன்னலில் எட்டிப் பார்த்தார்கள்.

ஊர்ப் பெண்களுக்குத் தண்ணீர் வகுப்பு தொடங்க ஊரின் அனுமதி வேண்டுமென்று, சபையில் கரைத்துக் குடிக்கும் யங்கோனா வேரை முறைப்படி கொண்டுவந்து வைத்தாள் வசீதி. அவளே இடித்துக் கரைத்தாள். போத்தலில் ஏற்கெனவே அழுக்கு இருந்திருக்கும் என்று அலிபெரேதி தன் வீட்டில் கூடிய சபையில் சமாளித்தார். வசீதி முதல் சிரட்டையை மொண்டு அவரிடம் நீட்டினாள்.

"குழாய்த் தண்ணியிலதாண்ணே கரைச்சிருக்கேன். அழுக்கு போத்தல்லதானே? குடிங்க."

வாங்கிய சிரட்டையை ஒரே மூச்சில் குடித்தாக வேண்டும். கீழே வைப்பது சபைக்கே அவமரியாதை. அலிபெரேதி ஜன்னலில் கறுத்திருந்த போத்தலைப் பார்த்தார், சிரட்டையைப் பார்த்தார், கீழே வைத்தார்.

வசீதி அதை எடுத்தாள். வழக்கப்படி ஒருமுறை கை தட்டிவிட்டுச் சொட்டு மிச்சமில்லாமல் குடித்தாள்.

"கொதிக்கவெச்சு ஆறவெச்ச தண்ணி. கொதிச்சா கிருமி செத்துடும், இன்னிக்குப் பாடம் அவ்வளவுதான். நீங்க ஏன் குடிக்கலைன்னு ஊருக்கே புரிஞ்சுபோச்சுண்ணே. எம்புள்ள குடிச்சதும் அதே குழாய்த் தண்ணிதான்."

மறுநாள் அவர் திமிங்கலப் பல்லோடு மன்னிப்புக் கேட்டு வந்தார். அந்தப் பல் வந்துவிட்டால் கொலைப்பழியையும் பொறுப்பது வழக்கம். வசீதி அதைத் தொடவில்லை, பாயிலேயே கிடந்தது.

"முதல்ல கக்கூஸை உங்க கையால இடிங்க. படியில சொன்னதை அதே படியில நின்னு மாத்திச் சொல்லுங்க. அப்புறம் பாக்கலாம்."

இடித்தார். ஞாயிற்றுக்கிழமை படியில் நின்று, அந்தப் பிள்ளை செத்தது தாயின் பாவத்தால் அல்ல, தன் வீட்டுக் குழியால் என்றார். சொல்லிவிட்டுக் கூட்டத்தில் வசீதியைத் தேடினார்.

அவள் பவளப்பாறைத் திட்டில், முழங்கால் தண்ணீரில் நின்று தூண்டில் போட்டுக்கொண்டிருந்தாள்.