ஒகேனக்கல் படத்தின் நாலு ரீல்

“வெச்சுக் காக்கத் தெரியாதவன் கையில குடுத்தா…” என்று பெரியப்பா ஒரு சொலவடை சொல்வார். பின்பாதி மறந்துபோச்சு. பழைய சினிமாச் சுருள் தேடுகிற வேலையில் அந்தப் பின்பாதியைத் தினமும் கண்ணாலேயே பார்க்கலாம். எதையாவது காப்பாற்றப் போய் வயிறெரிந்தவர்கள் மேலே படியுங்கள்.

எண்பதுகளில் பம்பாயை விட்டு ஊர் திரும்பி, பெங்களூர்த் திரைப்படக் காப்பகம் ஒன்றுக்காகத் தருமபுரிப் பக்கம் அலைந்தேன். தேடியது, ஒகேனக்கலில் எடுத்த பேசாப்படம் ஒன்று. நாலே ரீல். வேறு பிரதி எங்கும் இல்லை.

வளையல்

முதல் ரீல் தருமபுரியில் பழைய சாமான் கடை வைத்திருந்த பாயிடம் போயிருந்தது. மருந்துத் தண்ணீரில் ஊறவைத்து, சுருளில் பூசியிருக்கும் வெள்ளியை வழித்துக்கொண்டு, மிச்சத்தை வளையல் பட்டறைக்கு அனுப்பிவிட்டார். “அதுல அருவி இருந்துச்சே பாய்” என்றேன்.

“அருவி அங்கியேதான் ஊத்துதுங்க சார். பஸ்ஸேறிப் போய்ப் பாருங்க.”

வெள்ளம்

இரண்டாவது, இண்டூர் டூரிங் டாக்கீஸ் ஆபரேட்டர் கையில். ஆற்று வெள்ளக் காட்சியை மட்டும் வெட்டிவைத்துக்கொண்டு, எந்தப் படத்தில் மழை பெய்தாலும் அதை ஒட்டி ஓட்டியிருக்கிறார், துண்டு கிழிந்து நாராகிறவரை. மீதியைக் குப்பையில் போட்டுவிட்டார். எனக்கு வாயில் வந்ததைச் சொன்னேன். அவர் பீடியை அணைக்கக்கூட இல்லை.

“ஜனங்க விசிலடிச்சாங்கண்ணா. உங்க ஆபீசுல ஒருத்தர் அடிப்பாரா?”

சீயக்காய்

மூணும் நாலும் பொம்மிடிப் பக்கம், டென்ட் கொட்டகை நடத்திய ஒருவரின் மகன் வீட்டில் பத்திரமாக இருந்தன. வருகிறேன் என்று முன்கூட்டியே சொல்லியனுப்பியது என் புத்தி. போனால், வாசலில் மாதா படத்துக்கு மாலை, எனக்குக் காபி, கொடியில் மூணாவது ரீல். சீயக்காய் போட்டுத் தேய்த்திருந்தார்கள். கண்ணாடி மாதிரி பளபளத்தது, படம் ஒன்றுதான் இல்லை. நான் போட்ட சத்தத்தில் அந்த வீட்டம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது.

“வூடு தேடி வர்றவருக்கு அழுக்கோடவா குடுக்கறது? தண்ணி தீந்துபோச்சுங்க, இல்லாட்டி நாலாவதையும் கழுவியிருப்போம்.”

ஷெட்

ஆக, வறட்சி காப்பாற்றிய ஒரே ரீலோடு பெங்களூர் போனேன். காப்பகத்து ஷெட்டுக்குத் தகரக்கூரை. உள்ளே புளித்த நாற்றம். நான் முன்பு கொண்டுவந்த வேறு படங்களின் டப்பாக்களைத் திறந்தேன், சுருள் இருந்த இடத்தில் பழுப்புத் தூள். வாங்கிக்கொண்ட நாளோடு யாரும் தொட்டதில்லை. அதிகாரியிடம் கத்தினேன். அவர் நாலாவது ரீலைப் பார்த்தார்.

“ஒண்ணுதானா? அந்த ஓரமா வெச்சுட்டுப் போங்க.”

அந்த ரீலைப் பொம்மிடி வீட்டுக்கே திருப்பி எடுத்துப் போய், கழுவ வேண்டாம் என்று மட்டும் சொல்லிக் கொடுத்துவிட்டேன்.